கழுவிய லசானியா

போன மாதம் என் இளைய மகள் கொழும்பிலிருந்து வரும்போது ஒரு பெட்டி கொண்டுவந்தாள். கருங்கல் மாதிரி உறைந்துபோன பெட்டி. மேலே சிவப்பும் வெள்ளையுமாக, அடுக்கடுக்காக ஒரு படம். அதை என் குசினியில் வைத்து எனக்கே பாடம் எடுக்கத் தொடங்கினாள்.

"உம்மா, இதுதான் லசானியா. நீங்க செய்யிற மீன் அடுக்கு மாதிரி இல்ல, இது ஒரிஜினல். உங்களுக்கு விளங்காது. நான் ஓவன்ல வெச்சுத் தாறன், நீங்க சும்மா இருங்க."

எனக்கு விளங்காதாம். கண்டக்குழியில் கடலைப் பார்த்தபடி நிற்கிற இந்த லொட்ஜைக் கல்லுக் கல்லாகக் கட்டியவள் நான். பெரிய பட்டத்தை இடுப்பில் கட்டிக்கொண்டு அலைக்கு மேலே பறக்க வருகிற வெள்ளைக்காரர்கள், பறந்து களைத்து வந்ததும் முதலில் கேட்பது என் மீன் அடுக்கைத்தான். ஓர் இத்தாலிக்காரர் தட்டை வழித்துத் தின்றுவிட்டு, சமைத்தது யார் என்று குசினி வரைக்கும் தேடிக்கொண்டு வந்தார். நான் நாலு பேருக்கு வேலை சொல்லிக்கொண்டு நின்றதைப் பார்த்ததும் நெஞ்சில் கை வைத்துக் குனிந்தார். இதையெல்லாம் படித்து வாங்கவில்லை. நான் அஞ்சாம் வகுப்பைத் தாண்டாதவள். இந்த எழுத்தில் பிழை இருந்தால் வாசிக்கிறவர்கள் திருத்திக்கொள்ளலாம். நடந்த கதையில் பிழை இருக்காது.

அவள் சொன்ன அந்த ஒரிஜினலை நான் பத்து வயதிலேயே பார்த்துவிட்டேன். பார்த்தது மட்டுமா? அதைத் தோற்கடித்தேன்.

அப்போது நாங்கள் பள்ளிவாசல்துறையில் இருந்தோம். வாப்பாவுக்குத் தோணித் தொழில். உம்மாவுக்குக் கூடப்பிறந்த தம்பி ஒருவர், அவர்தான் மாமா. இறால் பண்ணை போட வந்த ஒரு வெள்ளைக்கார இஞ்சினியரின் பங்களாவில் மாமா சமையல்காரராக இருந்தார். வெள்ளைச் சேர்ட்டும், எண்ணெய் வைத்து ஏற்றி வாரிய தலையும், முகம் துடைக்கிற கைலேஞ்சியில் பூசின அத்தர் வாசமுமாக லீவில் வருவார். வந்தால் எங்கள் வீட்டில் வேறு யாருக்கும் கதைக்க இடம் கிடைக்காது. அப்படி ஒரு வாய் அவருக்கு.

அந்த இஞ்சினியர் இறைச்சியே தொடாதவராம். அவருக்கு மாமா வாரம் தவறாமல் சமைத்துக் கொடுப்பது லசானியாவாம். அதை எப்படிச் செய்வது என்று மாமா சொல்லத் தொடங்கினால் நான் வாயைப் பிளந்துகொண்டு இருப்பேன்.

"மாவில முட்டைய ஒடச்சி ஊத்தோணும் மருமகள். அழுத்திப் பிசையக் கூடாது, விரல் நுனியால. பொறகு போத்தலால உருட்டோணும். எவ்வளவு மெல்லிசா? அதுக்குள்ளால பாத்தா உன்ட மொகம் எனக்குத் தெரியோணும். உருட்டின தகட்டக் கொடியில காயப் போடுறது, சாரன் காயப் போடுற மாதிரி. அதுக்கிடையில தக்காளிய வேக வெச்சு, தோல உரிச்சு, வெங்காயத்தோடயும் கீரையோடயும் வத்த வெக்கிறது. வெள்ளைக் கூட்டு ஒண்டு இரிக்கி, பாலும் மாவும். அதக் கிண்டக்குள்ள ஸலவாத்து ஓதி ஓதிக் கிண்டோணும். கைய நிப்பாட்டினியோ, கட்டி விழுந்துரும்."

வெள்ளைக்காரன் வீட்டுக் குசினியில் நபியின் மேல் ஓதுகிற ஸலவாத்து எங்கிருந்து வந்தது என்று எனக்குக் கேட்கத் தோன்றவில்லை. உம்மா மட்டும் அரிசி பொறுக்குகிற சுளகிலிருந்து தலையைத் தூக்கி, "அது நான் கஞ்சி கிண்டுற மாதிரியெல்லோ இரிக்கி" என்பாள். மாமா காது கேட்காதவர் போல அடுத்த தகட்டுக்குப் போய்விடுவார். கேட்ட கதையையே நான் திரும்பத் திரும்பக் கேட்பேன். அவர் ஒரு சொல்லை மாற்றினாலும் பிடித்துவிடுவேன். "போன தரம் வெங்காயத்த நீட்டு நீட்டா வெட்டோணும் எண்டீங்களே மாமா" என்று கேட்டு அவரைத் திணறடித்திருக்கிறேன். பள்ளிக்கூடத்தில் வாய்ப்பாடு ஏறாத தலையில் லசானியா முழுசாக ஏறியிருந்தது.

பிறகு இஞ்சினியர் தன் ஊருக்குப் போய்விட்டார். மாமா ஒரு சூட்கேசோடும் ஓர் உறைந்த பெட்டியோடும் எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தார். வேலை இல்லை. மதுரங்குளியில் அவருக்குப் பேசி வைத்திருந்த பெண்ணின் வாப்பா ஒரு கடைக்காரர், கறாரான மனிதர். நோன்புக்கு முதல் ஒரு நல்ல வேலையோடு வந்தால் நிக்காஹ், வராவிட்டால் என் பிள்ளைக்கு வேறு இடம் இருக்கிறது என்று ஆள் அனுப்பிச் சொல்லிவிட்டார். அந்தப் பெண்ணை மாமா ஒரே ஒரு தடவைதான் பார்த்திருந்தார். ஆனால் ஆள் வந்து போன அன்றைக்கு அவர் சாப்பிடவில்லை. கதைக்கவும் இல்லை. மாமா கதைக்காமல் இருந்ததை நான் பார்த்தது அதுதான் முதல் தரம். எனக்குப் பயம் பிடித்துவிட்டது.

அந்த நேரத்தில்தான் ஒரு வழி திறந்தது. தென்னந்தோட்டங்கள் வைத்திருந்த ஒரு முதலாளி, பண்ணைகளுக்கு வருகிற வெள்ளைக்காரர்கள் தங்குவதற்குக் கண்டக்குழியில் ஒரு விடுதி கட்டி முடித்திருந்தார். வெள்ளைக்காரச் சாப்பாடு தெரிந்த ஆள் தேடினார். மாமாவின் புகழ் அவர் காதுக்கும் போயிருந்தது. "வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிஞ்சதும் வாறன். வாயில வெச்சுப் பாத்துட்டுத்தான் சொல்லுவன்" என்று வாப்பாவிடம் சொல்லி அனுப்பினார்.

மாமாவின் முகத்துக்கு ரத்தம் திரும்பி வந்தது. கொண்டுவந்த உறைந்த பெட்டியைக் கரையில் ஒரு மீன் வியாபாரியின் ஐஸ் பெட்டிக்குள், பாரை மீனுக்கு நடுவே வைத்திருந்தார். எனக்கு ஒரு தடவை காட்டினார். மேலே படமும் இங்கிலீசு எழுத்துமாக இருந்தது.

"இது ஆரு செஞ்சது மாமா?"

"நான்தான். ஐஸ்ல கிடந்தாத்தான் அதுக்குப் பக்குவம் வரும்."

"அப்ப இந்தப் படம்?"

"பெட்டி கடையில வாங்கினது. உள்ள இரிக்கிறது நம்மட."

அதை நான் அப்படியே நம்பினேன். ஐஸில் கிடந்து பக்குவப்படுகிற சாப்பாடு எவ்வளவு உயர்ந்ததாக இருக்க வேண்டும் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

வெள்ளிக்கிழமை காலை மாமா அதைச் சாக்கில் சுற்றி, பைசிக்கிளில் வைத்துக் கொண்டுவந்து குசினி மேடையில் இறக்கினார். சந்திப் பேக்கரிக்காரரோடு கதைத்து வைத்திருந்தார்: காலைப் பாண் சுட்ட போறணையில் மிச்சச் சூடு இருக்கும், ஜும்ஆ முடிந்ததும் ஓடிப்போய் அதற்குள் வைத்துச் சூடாக்கி எடுத்துக்கொண்டு வருவது. அவ்வளவுதான் வேலை.

"ராத்தா, அல்லாஹ்வுக்காக இதுல கை வெச்சிராதீங்க. எளகட்டும். நான் வந்து பாத்துக்கொள்ளுறன்."

"நான் ஏன் தம்பி கை வெக்கிறன்" என்றாள் உம்மா.

ஆண்கள் எல்லோரும் பள்ளிக்குப் போனார்கள். எங்கள் ஊர் அந்த நேரத்தில் பெண்களுடையதும் பூனைகளுடையதும்தான். உம்மா சாக்கை விரித்தாள். பாரை மீன் நாற்றம் குப்பென்று அடித்தது. அட்டை ஊறிப்போய்க் கையோடு வந்தது. உள்ளே வெள்ளித் தாள் மூடிய தட்டம், கிழியாமல் ஒட்டியபடி இருந்தது. உம்மா அதன் ஒரு மூலையைத் தூக்கினாள். உள்ளே மீன் நாற்றம் இல்லை, வேறு ஏதோ ஒரு வாசம். சுட்டு விரலை விட்டு எடுத்து நாக்கில் வைத்துப் பார்த்தாள். கொஞ்ச நேரம் கண்ணை மூடிக்கொண்டு நின்றாள்.

"நல்லாத்தான் இரிக்கி" என்றாள்.

பிறகு பெரிய பேசினை இழுத்து, தட்டத்தை அதற்குள் கவிழ்த்து, கிணற்றுத் தண்ணீரை ஊற்றினாள்.

"உம்மா! மாமா தொட வேணாமெண்டாரே!"

"மீனோட கிடந்த சாமான், மகள். ஐஸ்ல இருந்து வந்தத கழுவாம அடுப்புக்கு ஏத்துற ஊர் எங்க இரிக்கி? உப்ப எடு. தேசிக்காயும் எடு."

அவள் சொன்னதிலும் நியாயம் இருந்தது. எங்கள் கரையில் ஐஸ் பெட்டியிலிருந்து எது வந்தாலும், உப்பும் தேசிக்காய்ப் புளியும் போட்டு, தண்ணீர் தெளிகிற வரைக்கும் கழுவித்தான் சட்டிக்குப் போகும். அதைச் செய்யாதவளை ஒருவரும் சமைக்கத் தெரிந்தவள் என்று சொல்லமாட்டார்கள். ஆகவே நான் உப்பு எடுத்துக் கொடுத்தேன். சிவப்பாக ஒரு தண்ணீர் போனது. வெள்ளையாக ஒரு தண்ணீர் போனது. பச்சையாகக் கீரை மாதிரி ஏதோ மிதந்தது. "பாசி" என்று சொல்லி உம்மா அதையும் அள்ளி எறிந்தாள். எல்லாம் வாய்க்காலால் ஓடி வாழையடிக்குப் போனது. பக்கத்து வீட்டுப் பூனை அங்கே குந்தியிருந்து நக்கத் தொடங்கியது. எங்கள் ஊரில் ஒரிஜினல் லசானியாவை முதன்முதலில் தின்றது அந்தப் பூனைதான்.

கடைசியில் பேசினில் மிஞ்சியது நனைந்த சீலைத்துண்டு மாதிரி கொஞ்சம் தகடுகள். பாதி கிழிந்தவை.

எனக்கு அழுகை வந்துவிட்டது. மாமாவின் வேலை, மதுரங்குளிப் பெண், நிக்காஹ் வீட்டுக்கு நான் உடுக்க இருந்த புதுச் சட்டை, எல்லாம் வாழையடியில் பூனையின் வாய்க்குள் போய்க்கொண்டிருந்தது. உம்மா அழவில்லை. முந்தானையை இழுத்துச் செருகினாள்.

"அவன் அத எப்பிடிச் செய்யிறதெண்டு ஒனக்குத் தெரியுமா?"

"ஓம். ஒண்டு விடாம."

"அப்ப அழாமச் சொல்லு."

இந்த இடத்தில்தான் என் காலம் தொடங்கியது. பத்து வயதில் நான் அரிசிப் பெட்டிக்கு மேல் ஏறி நின்று கட்டளை போட்டேன், உம்மா செய்தாள். மாவில் முட்டை. அழுத்திப் பிசையக் கூடாது, விரல் நுனியால். போத்தலால் உருட்டு. அவள் உருட்டிய தகட்டைத் தூக்கிப் பிடிக்கச் சொல்லி, அதற்குள்ளால் அவள் முகத்தைப் பார்த்தேன். "தெரியல்ல, இன்னும் மெல்லிசா" என்றேன். இன்றைக்கு என் குசினிப் பிள்ளைகளுக்கும் அதே சட்டம்தான். பிறகு தகடுகளைக் கொண்டுபோய்க் கொடியில், வாப்பாவின் இரண்டு சாரத்துக்கு நடுவே காயப்போட்டோம். காகம் வந்துவிட்டது. நான் ஈர்க்குக் கட்டோடு காவல் நின்றுகொண்டே குசினி யன்னலுக்குக் கத்தினேன்: "தக்காளிய வேக வெச்சாச்சா? தோல உரிச்சாச்சா? வெங்காயம் நீட்டு நீட்டா!"

"ஓம் முதலாளி" என்று உள்ளேயிருந்து உம்மாவின் குரல் வந்தது.

மாமாவின் கதையில் கீரை இருந்தது, எங்களிடம் இல்லை. வாப்பா காலையில் கொண்டுவந்த அறுக்குளா மீன் இருந்தது. அதை அவித்து முள் எடுத்து, மிளகும் கறிவேப்பிலையும் போட்டு உதிர்த்துத் தக்காளியோடு சேர்த்தோம். மாட்டுப்பால் இல்லை, தேங்காய்ப்பால் இருந்தது. முதல் பாலில் மாவைக் கரைத்து உம்மா கிண்டினாள்; நான் பக்கத்தில் நின்று ஸலவாத்து ஓதினேன். கட்டி விழவில்லை. அதற்கு மேல் முட்டை அடித்து ஊற்றுவது மட்டும் உம்மாவின் யோசனை. நான் யோசித்து அனுமதி கொடுத்தேன்.

கழுவி மிஞ்சிய தகடுகளை அடியில் போட்டு, எங்கள் தகடுகளை மேலே வைத்து, தகடு, மீன், வெள்ளைக் கூட்டு, தகடு என்று பெரிய தாச்சிச் சட்டி நிறைய அடுக்கினோம். போறணைக்கு ஓட நேரம் இல்லை. பெருநாள் பணியாரம் சுடுகிற மாதிரி, கீழே சிரட்டைக் கரி, மூடிக்கு மேலேயும் சிரட்டைக் கரி. மேலும் கீழும் நெருப்பு. கொஞ்ச நேரத்தில் ஒரு வாசம் எழும்பியது பாருங்கள்! வாழையடியிலிருந்த பூனை தன் ஒரிஜினலை விட்டுவிட்டுக் குசினி வாசலுக்கு வந்து நின்றது. வென்றுவிட்டோம் என்று எனக்கு அப்போதே தெரியும்.

மாமா மூச்சு வாங்க முதல் ஆளாகப் பின்வாசலால் ஓடி வந்தார், போறணைக்குப் போக. தட்டம் வெறுமையாக வெயிலில் கவிழ்ந்து கிடந்தது. நான் ஓடிப்போய் நற்செய்தி சொன்னேன்.

"மாமா, உம்மா அதக் கழுவிட்டா. ஆனா நீங்க பயப்பட வேணாம். நாங்க புதுசா ஒண்டு செஞ்சிட்டம். எல்லாம் நீங்க சொன்ன மாதிரியே."

"நான் சொன்ன மாதிரியா?"

"ஒரு சொல்லு பிசகல்ல."

மாமா கவிழ்ந்து கிடந்த உரலில் மெல்ல உட்கார்ந்தார். தொப்பியைக் கழற்றி முகத்தை மூடிக்கொண்டு, "யா அல்லாஹ், நான் சொன்ன மாதிரியாம்" என்றார். பெருமையில் ஒரு மனிதருக்கு இப்படியும் வரும் என்று நான் நினைத்தேன். உம்மா வாசலுக்கு வந்து பார்த்தாள்.

"எழும்பு தம்பி. முகத்தக் கழுவிட்டுப் போய் ஆக்களோட இரி. முதலாளியின்ட ஜீப் வந்துட்டு."

"ராத்தா, அது... நான் அத ஒரு நாளும்..."

"அங்க போய்க் கதைக்க வேண்டியத இங்க கதைக்காத. போ."

முன்னறையில் பாய் விரித்து, சீலை விரித்து, சஹன் வைத்தோம். வெளியூர்க்காரர் வாசித்தால் சொல்லவேண்டும்: சஹன் என்பது பெரிய வட்டத் தட்டம். ஆறு பேர் சுற்றியிருந்து ஒரே தட்டத்தில் சாப்பிடுவோம். ஒவ்வொருவருக்கும் தன் முன்னால் இருக்கிற பக்கம்தான் பங்கு. அடுத்தவர் பக்கம் கை போகக் கூடாது. போனால் வளர்ப்புச் சரியில்லை என்று பேர் வரும். அன்று முதலாளி, அவரோடு வந்த மூன்று பேர், வாப்பா, மாமா, ஆக ஆறு பேர். மாமா சூட்கேசிலிருந்து முள்ளுக்கரண்டிகள் எடுத்து வைத்திருந்தார். முதலாளி அவற்றைத் தள்ளி வைத்துவிட்டுக் கை கழுவினார்.

பெண்கள் கதவுச்சீலைக்கு இந்தப் பக்கம். பெரிய பிள்ளை ஆகாத நான் மட்டும்தான் இரண்டு பக்கமும் போய்வரலாம். தாச்சியிலிருந்து சஹனுக்கு மாற்றிய அந்த மலையை, கை சுடச்சுட நான்தான் தூக்கிக்கொண்டு போய் வைத்தேன்.

பிஸ்மி சொல்லிக் கை வைத்தார்கள். மாமா தின்னவே இல்லை, முதலாளியின் தாடியைப் பார்த்துக்கொண்டிருந்தார். சீலைக்குப் பின்னால் உம்மா நிற்கிற நிழல் தெரிந்தது.

முதலாளி விழுங்கிவிட்டுச் சொன்னார்: "நான் இத கொழும்புல ஒரு பெரிய ஹோட்டல்ல தின்டிருக்கன்."

மாமாவின் கை சஹனில் அப்படியே நின்றது.

"இது அது இல்ல" என்றார் முதலாளி.

வாப்பா தொண்டையைச் செருமினார். முதலாளி இன்னொரு பிடி எடுத்தார். "அதுல மீன் இல்ல. தேங்காப்பால் இல்ல. இந்த அடிப்பொறுக்கும் இல்ல." தன் பக்கத்தில் அடிப்பிடித்து முறுகியிருந்த பொறுக்கைச் சுரண்டித் தின்றார். அது முடிந்தது. அப்போது அந்த மனிதர், ஹஜ் செய்த மனிதர், ஊருக்குள் நாலு பேருக்குத் தீர்ப்புச் சொல்கிற மனிதர், கையை நீட்டி வாப்பாவின் பக்கத்துப் பொறுக்கைக் கிள்ளி எடுத்தார்.

நான் பார்த்தேன். வாப்பா பார்த்தார். மற்ற மூன்று பேரும் பார்க்காதவர்கள் போல முகட்டைப் பார்த்தார்கள். எனக்கு அந்த இடத்திலேயே குதிக்க வேண்டும் போல இருந்தது.

"எப்பிடித் தம்பி செஞ்சாய்?"

மாமா சொல்லத் தொடங்கினார். முதலில் குரல் நடுங்கியது. விரல் நுனியால் பிசைவதற்கு வந்ததும் நடுக்கம் போனது. தகட்டுக்குள்ளால் முகம் தெரிவதற்கு வந்ததும் பழைய மாமா ஆகிவிட்டார். மூன்று பேரும் தின்பதை விட்டுவிட்டுக் கேட்டார்கள். முதலாளி மட்டும் தின்றுகொண்டே கேட்டார்.

"நல்லாக் கதைக்கிறாய்" என்றார். "சரி, நாளைக்கும் இதே மாதிரிச் செய்யேலுமா?"

மாமா வாயைத் திறந்தார். மூடினார். அவ்வளவு பெரிய வாய்க்காரருக்கு ஒரு சின்னச் சொல் வரவில்லை. எனக்குப் பொறுக்கவில்லை.

"ஏலும்!" என்று வாசலில் நின்று கத்தினேன். "நாளைக்கும் ஏலும், நாளண்டைக்கும் ஏலும். ஒவ்வொரு நாளும் ஏலும்!"

"அடே, இதாரு?" முதலாளி திரும்பினார். "ஆரு புள்ள இத சமைச்சது?"

"நான்தான். உம்மா உதவி செஞ்சா."

அறை முழுக்கச் சிரித்தது. முதலாளி சிரிக்கவில்லை. என் கையில் காய்ந்திருந்த மாவைப் பார்த்தார். பிறகு கதவுச்சீலையைப் பார்த்தார். கொஞ்சம் குரலை உயர்த்தி, "அப்ப ஒன்ட உதவிக்காரியிட்டயும் கேட்டுட்டு வா. நாளைக்கும் ஏலுமா எண்டு" என்றார்.

சீலைக்குப் பின்னால் போனேன். உம்மா கேட்க முன்னமே பதில் வைத்திருந்தாள். "ஏலும் எண்டு சொல்லு. ஆனா என்ட குசினில செஞ்சு அனுப்புவன், அங்க வரமாட்டன். மீன் நாங்க பாத்து எடுக்கிற மீன். ஒன்ட மாமா அங்க இருந்து குடுக்கோணும். அவன் இல்லாட்டி நானும் இல்ல."

ஒரு சொல் பிசகாமல் போய்ச் சொன்னேன். சொல்லுவதில் எனக்கு எப்போதாவது பிசகியிருக்கிறதா?

முதலாளி மோவாயைத் தடவினார். "சரிதான். வெள்ளைக்காரனுக்குச் சாப்பாடும் வேணும், கதையும் வேணும். தம்பி, நீ திங்கக்கிழமை வா. நல்ல சேர்ட்டாப் போட்டுட்டு வா." எழும்பும்போது சீலைப்பக்கம் பார்த்து, "நாளைக்கு மாவும் முட்டையும் அனுப்புறன்" என்றார். என்னைப் பார்த்துத்தான் சொல்கிறார் என்று நினைத்து, "நல்ல மாவா அனுப்புங்க" என்றேன் நான்.

நோன்புக்கு முதல் மதுரங்குளியில் நிக்காஹ் நடந்தது. எனக்குப் புதுச் சட்டை வந்தது. மாமா விடுதியில் வெள்ளைச் சேர்ட்டோடு நின்று லசானியாவின் கதையை மூன்று பாஷையில் சொன்னார். அந்தக் கதையைக் கேட்கவென்றே ஆட்கள் திரும்பி வந்தார்கள். எங்கள் வீட்டிலிருந்து ஒவ்வொரு நாளும் தாச்சி போனது. நான் அரிசிப் பெட்டியிலிருந்து இறங்கி, உருட்டப் பழகி, அடுக்கப் பழகி, மீன்காரரோடு சண்டை பிடிக்கப் பழகி, கடைசியில் அந்த விடுதிக்குப் பக்கத்துக் காணியிலேயே என் லொட்ஜைக் கட்டினேன். எல்லாம் அந்த வெள்ளிக்கிழமையில் நான் தொடக்கி வைத்தது. அதை உம்மாவும் ஒரு நாளும் மறுக்கவில்லை. யார் கேட்டாலும், "இவ சொன்னா, நான் செஞ்சன்" என்றுதான் மவுத்தாகிற வரைக்கும் சொன்னாள்.

மாமா ஒரு நாளும் லசானியா சமைத்ததில்லை என்பது எனக்குக் கலியாணமாகிப் பிள்ளை பிறந்த பிறகுதான் தெரியவந்தது. இஞ்சினியருக்குக் கொழும்பிலிருந்து பெட்டி பெட்டியாக வருமாம். மாமாவின் வேலை ஓவனில் வைத்து எடுப்பது மட்டும். மதுரங்குளியிலிருந்து வந்த மாமியே சிரித்துச் சிரித்துச் சொன்னார். நானும் சிரித்தேன். அவருடைய பொய்யை ஒரு சொல் விடாமல் ஞாபகம் வைத்திருந்தது யார்? நான்தானே. அதில் எனக்குக் குறைந்துபோக ஒன்றும் இல்லை.

போன மாதம் மகள் அந்தப் பெட்டியை ஓவனில் வைத்து, எடுத்து, தட்டில் வெட்டி வைத்து, "எப்பிடி உம்மா?" என்று கேட்டாள். வாயில் வைத்துப் பார்த்தேன். என் மீன் அடுக்குக்குப் பக்கத்தில் வராது. ஆனாலும் பொய் சொல்லக் கூடாது.

"நல்லாத்தான் இரிக்கி" என்றேன்.

சொன்ன பிறகுதான் அந்தச் சொல் யாருடையது என்று எனக்கு ஞாபகம் வந்தது. கிழியாத வெள்ளித் தாள். மீன் நாற்றம் ஏறாத உள்பக்கம். விரலை விட்டு ருசி பார்த்து, கண்ணை மூடிக்கொண்டு நின்ற உம்மா. நல்லாத்தான் இருந்திருக்கிறது. மாமா அதை அப்படியே சூடாக்கிக் கொடுத்திருந்தால் முதலாளிக்குக் கொழும்பில் தின்ற அதே ருசி கிடைத்திருக்கும்; "நாளைக்கும் ஏலுமா" என்றுதான் அப்போதும் கேட்டிருப்பார். ஐஸ் பெட்டிக்குள் நாளைக்கு வேறு பெட்டி இருக்கவில்லை. அது மாமாவுக்குத் தெரியும். கஞ்சி கிண்டுகிற கையை அவர் கதைக்குள்ளே கண்டுபிடித்த உம்மாவுக்கும் தெரியும்.

நல்லாயிருக்கிற ஒரு சாமானை ஏன் உம்மா இப்படித் தேசிக்காய் போட்டுக் கழுவுகிறாள் என்று நான் கேட்டிருக்கலாம். நான் அப்போது பூனையை விரட்டிக்கொண்டிருந்தேன்.